வெர்னரின் கொப்பியில் என் பெயர்

கைகழுவப் போன வெர்னர் அன்றைக்குத் தன் கொப்பியை வேலை மேசையில் விட்டுவிட்டுப் போனார்.

ஒருநாளும் அப்படி விடமாட்டார். மேல்சட்டைப் பையில் வைத்துப் பொத்தானையும் பூட்டிவிடுவார். அன்றைக்கு அது கம்பித் தூரிகைக்குப் பக்கத்தில், விரித்தபடி, நடுவில் பென்சிலோடு கிடந்தது.

பார்க்கக்கூடாது என்று நினைத்துக்கொண்டே பார்த்தேன்.

மேலிருந்து கீழே வரிவரியாக என் பெயர். அன்ரன், 7.10, மழை, 3. அதற்குக் கீழே அன்ரன், 9.45, மழை, 4. பிறகும் அன்ரன். முந்திய பக்கத்தைப் புரட்டினேன். அதிலும் நான்தான்.

தண்ணீர் நிற்கிற சத்தம் கேட்டது. கொப்பியை இருந்த மாதிரியே வைத்துவிட்டு அரத்தைக் கையில் எடுத்தேன். என் பெருவிரல் கரி அந்தத் தாளின் ஓரத்தில் அப்படியே பதிந்திருந்ததை அப்போதுதான் கண்டேன். வெர்னர் கையைத் துடைத்துக்கொண்டு வந்தார். கொப்பியைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். மூடிப் பையில் வைத்துப் பொத்தானைப் பூட்டினார். ஒன்றும் கேட்கவில்லை.

கேட்டிருந்தால் நல்லது. கேட்காதபடியால் எனக்குப் பயம் வந்தது.

ஒருவர் போகவேண்டும்

எர்லாங்கனில் எங்களுக்கு வீடு கிடைத்த கதையைப் போன கிழமை சொன்னேன். அந்த வீட்டிலிருந்து சைக்கிளில் இருபது நிமிடம் மிதித்தால் இந்தப் பட்டறை. வெப்ப நிலையங்களுக்கு வேண்டிய தடித்த இரும்புக் குழாய்களை வெட்டி ஒட்டிக் கொடுக்கிற இடம். எங்கள் பகுதியில் ஆறு பேர். வெர்னர் வெல்டர். நான் அவருடைய உதவியாள். குழாய் வாயை அரைத்துக் கொடுப்பது, ஒட்டுகிறதுக்கு முன்னால் சூடாக்குவது, ஒட்டின பிறகு கசடு தட்டுவது என் வேலை.

அதற்கு முன் பத்து வருசம் சாப்பாட்டுக்கடையில் கோப்பை கழுவினவன் நான். இந்த வேலை கிடைத்த அன்று என் மனைவி றீற்றா, அந்தோனியாருக்கு மெழுகுதிரி கொளுத்தினாள். நிரந்தர வேலை என்ற கடிதம் இருந்தால்தான் குடியுரிமைக்கு அன்ராக் போடலாம். அன்ராக் என்றால் விண்ணப்பம். இந்த நாட்டில் எங்களுடைய சனம் செபத்துக்கு அடுத்தபடியாக அதிகம் சொல்லுகிற சொல் அதுதான். நாங்களும் போட்டுவிட்டோம். அலுவலகத்தில் எங்கள் கோப்பு கிடந்தது. அது முடியும்வரை வேலை போகக்கூடாது.

அந்த வருசம் தவக்காலம் தொடங்கின கிழமை மைஸ்ரர், அதாவது எங்கள் பகுதித் தலைவர், எல்லோரையும் கூப்பிட்டுச் சொன்னார், வேலை குறைந்துபோச்சு, கோடைக்கு முன்னால் ஆறு பேரில் ஒருவர் போகவேண்டிவரும் என்று.

எந்த ஒருவர் என்று அவர் சொல்லவில்லை. நான் ஒவ்வொரு முகமாகப் பார்த்தேன். எல்லோரும் மற்றவர்களைத்தான் பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

அதற்கு அடுத்த கிழமைதான் கொப்பியைக் கண்டது.

நீல வார்ச் செருப்பு

இங்கே பிறந்த பிள்ளைகளும் இதைப் படிக்கிறபடியால் ஒன்றைச் சொல்லவேண்டும்.

ஊரில் இராணுவச் சுற்றிவளைப்பு நடக்கும். ஆண்கள் எல்லோரையும் பள்ளிக்கூட மைதானத்தில் வரிசையாக நிறுத்துவார்கள். ஜீப்புக்குப் பக்கத்தில் ஒருவன் தலையைச் சாக்கால் மூடிக்கொண்டு இருப்பான். கண்ணுக்கு மட்டும் இரண்டு ஓட்டை. ஒவ்வொருவராக அவன் முன்னால் போய் நிற்கவேண்டும். சாக்கு அசையாவிட்டால் வீட்டுக்குப் போகலாம். அசைந்தால் லொறியில் ஏற்றுவார்கள். அவனைத்தான் நாங்கள் தலையாட்டி என்போம்.

எனக்கு முன்னால் நின்றது என் அண்ணை ஜோசப். சாக்கு மேலும் கீழும் ஒருக்கா அசைந்தது. அவ்வளவுதான். அண்ணை திரும்பி வரவில்லை.

முகம் தெரியாதபடியால் நான் அவன் காலைப் பார்த்தேன். நீல வார் போட்ட றப்பர் செருப்பு. வலது வாரை நூலால் தைத்திருந்தது. அதற்குப் பிறகு ஊரில் இருந்த காலம் முழுக்க எல்லோருடைய காலையும் பார்த்துக்கொண்டு திரிந்தேன். கோயிலில் நற்கருணை வாங்கப் போகிற வரிசையிலும் பார்த்தேன். கர்த்தர் மன்னிக்கட்டும்.

அப்படிப்பட்டவன் ஒருவன் தன் பெயரை இன்னொருத்தருடைய கொப்பியில், நேரமும் போட்டுக் கண்டால் என்ன நினைப்பான்?

ட்ராஸ

வெர்னர் ஆர் என்று கேட்டால், பட்டறையில் எல்லோரும் ஒரு சொல்லில் சொல்லுவார்கள், ட்ராஸக்காரன்.

அவர் கிழக்கு ஜெர்மனிக்காரர். அது தனி நாடாக இருந்த காலத்தில், சோவியத்து நாட்டிலிருந்து எரிவாயு கொண்டுவருகிற பெரிய குழாயின் ஒரு பகுதியை இவர்கள்தான் ஆட்களை அனுப்பிக் கட்டிக்கொடுத்தார்கள். அந்தக் குழாய்ப் பாதையைத்தான் ட்ராஸ என்பார்கள். இருபத்துமூன்று வயதில் வெர்னர் உக்ரேனுக்குப் போனார்.

நல்ல மனநிலையில் இருந்தால் மத்தியானச் சாப்பாட்டு நேரம் சொல்லுவார். சக்கரம் வைத்த மரப்பெட்டி வீடுகள். ஒரு பெட்டிக்குள் நாலு பேர். இலைதுளிர் காலத்தில் கறுப்புச் சேறு, முழங்கால் மட்டும். காலை இழுத்தால் கால் மட்டும் வரும், சப்பாத்து வராது. குளிர்காலத்தில் இரும்பைத் தொட்டால் தோல் அதோடு போய்விடும். சமையல்காரிகள் வரை எல்லோரும் சொந்த நாட்டிலிருந்து வந்தவர்கள், அதனால் உக்ரேன் நடுவில் இருந்துகொண்டு தங்கள் ஊர் உருளைக்கிழங்கு உருண்டையைத்தான் சாப்பிட்டார்களாம். அக்கம்பக்கத்துக் கிராமத்துச் சனம் பூசணி விதை வறுத்துக் கொண்டுவந்து கொடுத்துவிட்டு இவர்களுடைய சவர்க்காரத்தை வாங்கிக்கொண்டு போகுமாம்.

"குழாய் எங்கயிருந்து வந்தது, சொல்லு பாப்பம்?" என்று ஒருநாள் கேட்டார்.

"ரஷ்யாவிலயிருந்து."

"இல்லை. மேற்கு ஜெர்மனி. இங்க செய்தது! எங்கட அரசாங்கம் பேர்கூடச் சொல்லக்கூடாது எண்ட நாட்டின்ர குழாயை, நாங்கள் புரட்சிப் பாட்டுப் பாடிக்கொண்டு ஒட்டினம்."

ஆள் குனிந்து நடந்து போகக்கூடிய அகலக் குழாய். வேலை முடிகிற நேரம் அதன் வாயைத் தகரத்தால் மூடிவிட்டுத்தான் போகவேண்டுமாம். ஒருநாள் மூட மறந்து, அடுத்தநாள் உள்ளேயிருந்து ஒரு பன்றி உறுமுகிற சத்தம். அந்தப் பன்றியை வெளியில் எடுக்க ஒரு பிரிகேட், அதாவது ஒரு வேலைக்குழு, முழுக்க அரை நாள் மினக்கெட்டது. பொறுப்பதிகாரிக்கு என்னவென்று அறிக்கை எழுதுகிறது? "எதிர்பாராத தடை" என்று எழுதினார்களாம்.

அந்தக் குளிர்காலத்தில் ரஷ்யாவும் உக்ரேனும் எரிவாயுவுக்குச் சண்டை பிடித்துக் குழாயை மூடினது உங்களில் பலருக்கு ஞாபகம் இருக்கும். தொலைக்காட்சியில் அந்தக் குழாயைக் காட்டினபோது வெர்னர் சொன்னார்:

"என்ர ஒட்டு அதுக்குள்ள கிடக்கு. என்ர இலக்கம் அதில அடிச்சுக் கிடக்கு. அரசாங்கங்கள் போச்சு, ஒட்டு நிக்குது."

ஒட்டு முடிந்ததும் வெல்டர் தன் இலக்க முத்திரையைச் சின்னச் சுத்தியலால் இரும்பில் அடிக்கவேண்டும். வெர்னருடைய இலக்கம் அறுபத்தொன்று. ட்ராஸவில் கிடைத்த அதே இலக்கத்தையே எங்கள் பட்டறையிலும் கேட்டு வாங்கினவர்.

ஆனால் ட்ராஸவிலிருந்து ஏன் வந்தீர் என்று கேட்டால் மட்டும் வாயை மூடிவிடுவார். "அனுப்பிப்போட்டாங்கள்" என்பார். அவ்வளவுதான்.

இஸ்மாயில் சொன்னது

கொப்பியைப் பற்றி இஸ்மாயிலிடம் சொன்னேன். அவன் துருக்கிக்காரன், வெட்டு இயந்திரத்தில் நிற்பவன், எந்தக் கதையையும் இரண்டாக வெட்டித்தான் தருவான்.

"அந்தப் பக்கத்து ஆள் எல்லே. அங்க மூண்டு பேர் ஒண்டா இருந்தா ஒருத்தன் ரகசியப் பொலிசுக்கு எழுதிறவன். மற்றவன் அவனைப் பற்றி எழுதிறவன்."

"மூண்டாவது?"

"மூண்டாவது உன்னை மாதிரி ஒரு பேயன். அவனைத்தான் ரெண்டு பேரும் எழுதிறது."

நான் சிரித்தேன்.

வீட்டில் றீற்றாவிடம் சொன்னேன். அவள் மாவைக் குழைத்துக்கொண்டே கேட்டாள்:

"அவரிட்டையே கேளுங்கோவன், என்ன எழுதிறியள் எண்டு."

"என்னெண்டு கேக்கிறது? கொப்பியைக் களவாப் பாத்தனான் எண்டு சொல்லவோ?"

"பாத்தனீங்கள்தானே."

அவளுக்கு விளங்காது என்று நினைத்தேன். அன்று தொடங்கி வெர்னர் செய்கிறதெல்லாம் எனக்கு வேறு மாதிரித் தெரிந்தது. வேலை தொடங்க முன் அவர் பெருவிரலால் நெற்றியில், வாயில், நெஞ்சில் ஏதோ தொடுவார். இதென்ன சைகை, ஆருக்கு? அடிக்கடி ஒரு இரும்புப் போத்தலை எடுத்துச் சுவர்ப்பக்கம் திரும்பி நின்று ஒரு மிடறு குடிப்பார். ஏன் திரும்பி நிற்கவேண்டும்? ஒருவருக்கும் ஒரு சொட்டுக் கொடுத்ததில்லை.

செபமாலை சொல்லும்போதுகூட, மணிக்குப் பதிலாக அந்தக் கொப்பியின் வரிகளைத்தான் எண்ணிக்கொண்டிருந்தேன்.

கீழ்ப்பக்கம்

பிறகு ஒரு வெள்ளிக்கிழமை. ஈரக் குளிர். வெளியில் லொறி காத்துக்கொண்டு நின்றது. மைஸ்ரர் இரண்டுதரம் வந்து கைக்கடிகாரத்தைத் தட்டிக் காட்டிவிட்டுப் போனார்.

தடித்த இரும்பைச் சூடாக்காமல் ஒட்டினால் பிறகு வெடிக்கும். அதனால் நெருப்பைச் சுற்றிவரப் பிடித்துச் சூடாக்கிவிட்டு, அதற்கென்று இருக்கிற, வெண்கட்டி மாதிரியான ஒரு சோக்கால் கோடு போட்டுப் பார்ப்போம். கோடு உருகினால் சூடு போதும். மேலே, கீழே, இரண்டு பக்கம் என்று நாலு இடத்திலும் போடவேண்டும்.

நான் மூன்று இடத்தில் போட்டேன். கீழ்ப்பக்கத்துக்குக் குனிகிற நேரம் வெர்னர் பையிலிருந்து கொப்பியை எடுத்தார். பென்சிலை நாக்கில் நனைத்தார். மணிக்கூட்டைப் பார்த்தார். என் கண் முழுக்க அந்தப் பென்சில் நுனியில்.

"சரியோ?" என்று கேட்டார்.

"ஓம், சரி" என்றேன்.

அடுத்த கிழமை அந்த ஒட்டுக்கு எடுத்த எக்ஸ்றே வந்தது. ஒட்டின் கீழ்ப்பக்கத்தில் மயிரிழை போல ஒரு வெடிப்பு. இலக்கம் அறுபத்தொன்று.

மைஸ்ரர் என்னைக் கண்ணாடி அறைக்குள் கூப்பிட்டார். அறைக்குள் நின்றால் பட்டறை முழுக்கத் தெரியும். வெர்னர் தூரத்தில் எங்களைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"ஒண்டில் சூடு காணாது, இல்லாட்டி வெல்டரின்ர கை நடுங்கியிருக்கு. அந்தாள் போத்தலுக்குள்ள என்ன வச்சிருக்கிறார்?"

"தெரியாது."

"நீ பக்கத்திலதானே நிக்கிறனி. குடிக்கிறவரோ?"

இங்கேதான் நான் சத்தியத்தை எழுதவேண்டும். நான் ஒருநாளும் அவரிடம் சாராய மணத்தைக் காணவில்லை. கீழ்ப்பக்கம் சோக் போடாதது நான் என்று எனக்குத் தெரியும். அந்த நிமிடத்தில் என் கண்ணுக்குத் தெரிந்தது அலுவலகத்தில் கிடக்கிற எங்கள் கோப்பு. இவர் என்னை எழுத முன்னம் நான் முந்தவேண்டும் என்று நினைத்தேன்.

வாயைத் திறக்கவில்லை. தலையை ஆட்டினேன். மேலும் கீழும். ஒருக்காத்தான்.

"சரி, போ" என்றார் மைஸ்ரர்.

வெளியில் வரும்போது கண் தானாகக் கீழே போனது. இரும்பு மூக்கு வைத்த வேலைச் சப்பாத்து. என்னுடையது.

பாவசங்கீர்த்தனம்

அடுத்தநாள் தொடக்கம் வெர்னரை ஒட்டுகிற வேலையிலிருந்து எடுத்துச் சாமான் அறையில் விட்டார்கள். மாத முடிவில் அவர் போகிறார் என்று இஸ்மாயில் சொன்னான். "நீ தப்பினாய்" என்று முதுகில் தட்டினான்.

மாதத்தில் ஒருமுறை எங்களுக்குத் தமிழ்ப் பூசை வைக்க ஒரு சுவாமி பிராங்பேர்ட் பக்கத்திலிருந்து வருவார். பெரிய கிழமைக்கு முதல் ஞாயிறு, பாஸ்கு என்கிற உயிர்ப்புத் திருநாளுக்கு ஆயத்தமாக, பாவசங்கீர்த்தன வரிசையில் நான் கடைசி ஆளாக நின்றேன். எல்லாம் சொன்னேன். அண்ணையின் கதையையும் சொன்னேன், அது சாட்டுத்தான் என்று தெரிந்துகொண்டே.

சுவாமி கேட்டார்:

"பரிகாரமா மூண்டு அருள்நிறை மந்திரம் சொல்லிப்போட்டுப் போகலாம் எண்டு வந்தனீரோ?"

"இல்லைச் சுவாமி."

"தலையாட்டினது ஆருக்கு?"

"மைஸ்ரருக்கு."

"முதல்ல அவரிட்டைப் போம். ஆட்டின தலையை நிமிர்த்திக் கதையும். பிறகு மற்ற மனுசனிட்டைப் போம். பாஸ்குவுக்கு முன்னம் போகாட்டியும் பறவாயில்லை, போகாமல் மட்டும் இருந்திடாதையும்."

திங்கட்கிழமை கண்ணாடி அறைக் கதவைத் தட்டினேன். "அவர் குடிக்கிறதை நான் காணேல்லை. கீழ்ப்பக்கம் சோக் போடாதது நான்" என்றேன். வேலை போச்சு, கோப்பும் போச்சு என்று நினைத்துக்கொண்டுதான் சொன்னேன்.

மைஸ்ரர் கதிரையில் சாய்ந்தார்.

"சோக் கதை எனக்குத் தெரியும். எக்ஸ்றே வந்த பின்னேரமே வெர்னர் கொப்பியைக் கொண்டுவந்து காட்டினவர். கீழ்ப்பக்கம் பாக்கேல்லை, பாத்திருக்க வேண்டியது தான்தான், உதவியாளைத் தொடாதேங்கோ எண்டு எழுதி வச்சிருக்கிறார். ஒரு ஆள் போகத்தான் வேணுமெண்டால் தான் போறனாம். பென்சனுக்குக் கொஞ்சக் காலம்தானாம்."

நான் கண்ணாடிக்கு வெளியில் வெர்னரின் வேலை மேசையைப் பார்த்தேன்.

"குடி எண்டது மட்டும் நீ சொன்னதுதான். மேலிடத்துக்கு அனுப்பிற கடிதத்தில போட்டிருக்கிறன்."

"அதை வெட்டுங்கோ."

"ஏன் அண்டைக்குத் தலையாட்டினனி?"

"பயம்" என்றேன். அதைவிட வேறு சொல் எனக்கு ஜெர்மன் மொழியில் மட்டுமல்ல, தமிழிலும் இல்லை.

அவர் மேசை லாச்சியிலிருந்து கடிதத்தை எடுத்து அந்த வரியைப் பேனையால் வெட்டினார். என்னைப் போகச் சொல்லவில்லை. அந்த வருசக் கடைசியில் எங்கள் அன்ராக்கும் சரிவந்தது. ஆனால் வெர்னர் மாத முடிவில் போய்த்தான் விட்டார்.

எட்டுப் பேர்

பாஸ்கு ஞாயிறு பூசை முடிய, றீற்றா பொரித்துத் தந்த றோல்ஸைக் கட்டிக்கொண்டு வெர்னர் வீட்டுக்குப் போனேன். இரண்டு அறை வீடு. தனி ஆள். கதவைத் திறந்தவருக்கு என்னைக் கண்டதில் ஆச்சரியம் இல்லை.

மேசையில் அந்த இரும்புப் போத்தல். மூடி திறந்திருந்தது. உள்ளேயிருந்து பெருஞ்சீரகம் அவித்த மணம் வந்தது.

"வயிறு" என்றார் நான் பார்ப்பதைக் கண்டு. "ட்ராஸவிலயிருந்து கொண்டுவந்த ஒரே சாமான். குளிசையும் போட்டுத்தான் குடிக்கிறது. வருத்தக்காரன் எண்டு தெரிஞ்சா ஆர் வெல்டராய் வச்சிருப்பினம்? அதுதான் சுவரைப் பாக்கிறது."

நான் இருக்காமல், நின்றபடியே சொன்னேன். தலையாட்டினதைச் சொன்னேன். கொப்பியைப் பார்த்ததைச் சொன்னேன். அவரைப் பற்றி நினைத்ததெல்லாம் சொன்னேன்.

அவர் கொப்பியை எடுத்துவந்து ஒரு பக்கத்தை விரித்தார். ஓரத்தில் என் பெருவிரல், கறுப்பாக, வடிவாகப் பதிந்து கிடந்தது.

"உன்ர முத்திரை. அண்டைக்கே கண்டனான். கேப்பாய் கேப்பாய் எண்டு பாத்தன்."

பிறகு விளக்கினார். உதவியாள், தொடங்கின நேரம், காலநிலை, எத்தனை படையாக ஒட்டினது. ட்ராஸவில் ஒட்டு ஒட்டிவிட்டு மைல் கணக்காக முன்னால் போய்விட்ட பிறகுதான் எக்ஸ்றேயில் பிழை பிடிபடும். அப்போது முதலில் வீட்டுக்கு அனுப்புகிறது உதவியாளைத்தானாம். அதனால் ஒழுங்கான வெல்டர் கொப்பி வைத்திருப்பான். தன் முத்திரை விழுகிற ஒட்டு தன்னுடையது என்று எழுதி வைப்பான்.

"அப்ப உங்களை ஏன் அனுப்பினவங்கள்?" என்று கேட்டேன். ஜெர்மன் மொழியில் நான் அவரை நீ என்றுதான் கூப்பிடுகிறது. இதை எழுதும்போது கை வருகுதில்லை.

அவர் சுவரில் இருந்த படத்தைக் காட்டினார். பெரிய குழாயின் வாய்க்கு முன்னால் எட்டு இளைஞர்கள், தோளில் கைபோட்டுக்கொண்டு நிற்கிறார்கள்.

"நான் கத்தோலிக்கன், தெரியுமோ? எங்கட ஊர்ப்பக்கம் அந்த அரசாங்கத்திலயும் பூசைக்குப் போன சனம். ட்ராஸவில பாஸ்கு வந்தது. பக்கத்துக் கிராமத்தில ஒரு வீட்டில ஒளிச்சுச் செபம் சொல்லிச்சினம், பாண் மந்திரிச்சினம். நான் போய்ப் பின்னுக்கு நிண்டன். அவ்வளவுதான். இந்த ஏழு பேருக்குத்தான் சொன்னனான். என்னோட எட்டு. பத்து நாளில பெட்டியைக் கட்டச் சொன்னாங்கள்."

நெற்றி, வாய், நெஞ்சு. நற்செய்திக்கு நாங்கள் போடுகிற அதே சிலுவை. அத்தனை நாள் பக்கத்தில் நின்ற எனக்கு அது தெரியவில்லை.

"ஆர் சொன்னது?"

"ஏழு பேரில ஒருத்தன். அந்தக் காலத்து ரகசியப் பொலிசின்ர கோப்புகளைப் பாக்கலாம் எண்டு சட்டம் வந்த உடன அன்ராக் எடுத்து நிரப்பினனான். லாச்சிக்குள்ள கிடக்குது. அனுப்பேல்லை. வருசத்துக்கு ஒருக்கா எல்லாரும் சந்திக்கிறம். ஏழு பேருக்கும் நான்தான் பியர் வாக்கிறது. ஒவ்வொரு கிளாஸ் நீட்டேக்கையும் அவன்ர கண்ணைப் பாக்கிறன். இவனோ? இல்லாட்டி இவனோ?"

நானும் செருப்புகளைப் பார்த்துத் திரிந்த கதையைச் சொன்னேன். அவர் தலையைத் தடவிக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தார்.

"முப்பது வருசமாப் பாத்துக்கொண்டு இருக்கிறன், ஏழு பேரில ஒருத்தன் இப்பிடி வந்து கதவைத் தட்டுவான் எண்டு" என்றார்.

கோபப்பட்டாரா, மன்னித்தாரா என்று எனக்கு இன்றைக்கும் தெரியாது. கையும் தரவில்லை. றோல்ஸ் ஒன்றை எடுத்துக் கடித்தார். உறைப்பில் கண் கலங்கினது. அல்லது உறைப்பு இல்லை.

பிறகு பென்சிலை நாக்கில் நனைத்து, மணிக்கூட்டைப் பார்த்து, கொப்பியில் ஒரு வரி எழுதினார். இந்தமுறை கேட்டேன்.

"என்ன எழுதிறியள்?"

அவர் கொப்பியை என் பக்கம் திருப்பி வைத்தார்.

அன்ரன், 15.20, வெயில். தானாக வந்தான்.